தடியன் எழுத்தில் ஒரு பெயர்

சாக்காய்
1980 ஏப்ரல் 12

குனிபோ,

நாற்பது வயதுக்காரனை இப்படிக் கூப்பிடக் கூடாதுதான். குனிமிட்சு என்று எழுதத் தொடங்கினேன், கை வரவில்லை. இதைப் பார்த்து அக்காவுக்குப் பாசம் மிச்சமிருக்கிறது என்று எண்ணிக்கொள்ளாதே. உன்னை முதுகில் கட்டிக்கொண்டு திரிந்தவளின் வாயில் ஒட்டிய பெயர், அவ்வளவுதான்.

உங்கள் வாரப் பத்திரிகையில் திருத்தம் வந்திருக்கிறது. மீன்கடை கமேய் அம்மாதான் கொண்டுவந்து காட்டினாள். மூட்டுவலி மருந்து விளம்பரத்துக்கும் குறுக்கெழுத்துப் போட்டிக்கும் நடுவில் இருந்தது.

"எங்கடி இருக்கு?" என்றேன்.

"இங்கதான், பாரு" என்று விரலை வைத்தாள். அந்த விரலுக்கு அடியில் செய்தி முழுவதும் மறைந்துபோனது.

விரலை எடுக்கச் சொல்லிப் படித்தேன். போன செப்டம்பரில் சாக்காயில் பலர் வாந்தி எடுத்துப் படுத்ததற்குக் காரணம் பெட்டிச் சாப்பாடு விற்கும் எங்கள் பெந்தோ கடையின் சமையலறை அல்ல, வெளியிலிருந்து வந்த மீன் கேக் என்று சுகாதார அலுவலகம் கண்டுபிடித்திருக்கிறதாம். வருந்துகிறார்களாம். அரிசிமணி அளவு எழுத்தில் வருந்துகிறார்கள்.

உன் அத்தான் செத்து ஐந்து மாதமாகிறது. கடையைப் பூட்டி முத்திரை வைத்தபிறகும் பின்கதவு வழியாகப் போய்த் தினமும் தரையைத் தேய்த்தார். "எங்க தப்பு நடந்துச்சுன்னு புரியல ஹாட்சுயே, இன்னொரு வாட்டி தேச்சுப் பாக்கறேன்" என்பார். பிரஷ்ஷைப் பிடித்தபடியே சாய்ந்தார். விரல்களைப் பிரிக்க நான்தான் வந்தேன்.

அப்போது உங்கள் பத்திரிகை போட்ட விளம்பரத்தை நான் எங்கே பார்த்தேன் தெரியுமா? மருத்துவமனையில் படுத்திருந்த வாடிக்கையாளர்களிடம் தலைகுனிந்து மன்னிப்புக் கேட்டுவிட்டு ரயிலில் திரும்பும்போது. பெட்டியின் கூரையிலிருந்து தொங்கிக்கொண்டிருந்தது. "சாக்காயின் விஷப் பெந்தோ". ஒவ்வொரு எழுத்தும் பலகாரத் தட்டு அளவு. கறுப்பு. எங்கள் தலைக்கு மேலே ஆடியது. உன் அத்தான் நிமிர்ந்து பார்த்தார், பிறகு தன் ஷூவைப் பார்த்தார். வீடு வரும்வரை ஷூவையே பார்த்தார்.

அந்த எழுத்து தடியன். நான் கல்யாணத்துக்கு முன்னால் ஒசாக்காவில் அச்சுக்கு எழுத்து வரையும் கம்பெனியின் மை அறையில் வேலை பார்த்தபோது அங்கிருந்த பெண்கள் நாங்கள் அதற்கு வைத்த பெயர். அந்தப் பத்திரிகைக்கு ரயில் விளம்பரம் அமைப்பது உன் ஆபீஸ். அந்தத் தாளை அமைத்தது நீ.

புத்தாண்டுக்கு உன் ஆபீஸிலிருந்து வாழ்த்து அட்டை வேறு வந்தது. துக்க வீட்டுக்கு. அதுவும் தடியனில்.

எனக்கு வேண்டியது ஒன்றுதான். அதே எழுத்து, அதே அளவு, அதே ரயில், அதில் உன் அத்தானின் பெயர். "வாஷியோவின் சமையலறையில் தப்பு இல்லை" என்று தொங்க வேண்டும். ஒருநாள் போதும்.

ஹாட்சுயே

டோக்கியோ
1980 ஏப்ரல் 20

அன்புள்ள அக்கா,

செர்ரிப் பூக்கள் உதிர்ந்து, இளந்தளிர்கள் கண்ணுக்குக் குளிர்ச்சி தரும் இந்த நாட்களில் தாங்கள் நலமாக இருப்பீர்கள் என நம்புகிறேன்.

உன் கடிதத்தைப் பலமுறை படித்தேன். வாழ்த்து அட்டை விஷயத்தில் என்னை மன்னித்துவிடு. பழைய முகவரிப் பட்டியலைப் பார்த்து ஆபீஸ் பெண் அனுப்பியிருக்கிறாள்.

மற்றதற்கு என்ன சொல்வது? அக்கா, நான் சொல் எழுதுகிறவன் இல்லை. பத்திரிகை ஆபீஸிலிருந்து சொல் வரும். எந்த எழுத்தில், எவ்வளவு பெரிதாக, எங்கே வைப்பது என்பது மட்டும்தான் என் வேலை. சொல் அவர்களுடையது. எழுத்து மட்டும்தான் என்னுடையது.

இதைச் சொல்லித் தப்பிக்கப் பார்க்கவில்லை. நீ கேட்பது என் கையில் இல்லை என்பதற்காகச் சொல்கிறேன். அத்தானின் படத்துக்கு முன்னால் வைக்க நல்ல கடற்பாசித் தாள் ஒரு பெட்டி அனுப்பியிருக்கிறேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

குனிமிட்சு

சாக்காய்
1980 மே 3

குனிபோ,

தளிர் பற்றி எழுதியிருந்தாய். பார்த்தேன். இங்கேயும் தளிர் விட்டிருக்கிறது. உன் அத்தானின் கல்லறை ஓரத்தில்.

கடற்பாசிப் பெட்டியைத் திருப்பி அனுப்பிவிட்டேன். பிரிக்கவில்லை. உன் மனைவியிடம் கொடு, உருண்டைச் சோற்றில் சுற்றித் தின்னுங்கள்.

"எழுத்து மட்டும்தான் என்னுடையது" என்கிறாய். மட்டும்தானா? அந்த ரயிலில் யாராவது நின்று சொல்லைப் படித்தார்கள் என்று நினைக்கிறாயா? தூங்கிக்கொண்டு வந்தவன்கூடக் கண் திறந்ததும் அதைப் பார்த்தான். அதே சொல்லை மெல்லிய எழுத்தில் போட்டிருந்தால் பாதிப்பேர் தாண்டிப் போயிருப்பார்கள். சொல் பேசியது, எழுத்து கத்தியது. கத்தியவன் நீ.

நான் நடுநிலைப் பள்ளியோடு வெளியே வந்தவள். நீ டோக்கியோவில் இதற்கென்றே படித்தாய். இருந்தாலும் தடியனைப் பற்றி என்னிடம் கதை விடாதே. மை அறைத் தலைவி தோயாமா அம்மாள் எங்களைத் திட்டியது இன்னும் காதில் இருக்கிறது. "வெளியில எவ்ளோ வேணா குண்டா இருக்கட்டும்டி, உள்ளே மூச்சு விட இடம் வெச்சுக் குடுங்க! அடைச்சுக்கிட்டா அது எழுத்தா, தார் உருண்டையா?" வெளிக்கோடு தடி, உள்கோடு ஒல்லி. பார்க்கிறவனுக்கு எல்லாம் ஒரே தடிபோலத் தெரிய வேண்டும். அதுதான் அந்த எழுத்தின் வேலை.

கழுகு என்று பொருள்படும் அந்த ஒற்றை எழுத்துக்கு மை போட்டவள் நான். இருபத்துமூன்று கோடு. தோயாமா அம்மாள் திரும்பத் திரும்பக் கிழித்துப் போட்டாள். அந்த வாரம்தான் மதியச் சாப்பாடு கொண்டுவந்த ஆள் ரசீதில் "வாஷியோ" என்று கையெழுத்துப் போட்டார். வாஷி என்றால் அந்தக் கழுகேதான். "உங்க பேராலதான் நான் தினம் திட்டு வாங்கறேன்" என்றேன். மறுநாள் என் பெட்டியில் மட்டும் முட்டை ரோல் ஒன்று கூடுதலாக இருந்தது. அப்படித்தான் அவர் உனக்கு அத்தான் ஆனார்.

எங்கள் கல்யாணத்துக்கு நீ என்ன கொடுத்தாய்? கடைக்குப் பெயர்ப்பலகை. "வாஷியோவின் பெந்தோ". தடியனில். "அக்கா மை போட்ட எழுத்து அக்கா கடை வாசல்லயே நிக்கணும்" என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னாய். நடுவில் "உடைய" என்று நிற்கும் "நோ" எழுத்தை மட்டும் ஒரு நூல் சின்னதாக்கி, ஒரு நூல் மேலே தூக்கி வைத்திருந்தாய். "இப்படி வெச்சாத்தான் ரெண்டு பக்கமும் மூச்சு வரும்" என்றாய். வேறு யாரும் அப்படி வைத்து நான் பார்த்ததில்லை.

ரயிலில் தொங்கிய தாளிலும் "நோ" சின்னதாக, மேலே ஏறி இருந்தது. நீதான் என்று அதை வைத்துத்தான் கண்டேன். கல்யாணப் பரிசை எடுத்துத் திருப்பி எங்கள் தலையில் போட்டாய்.

தெருவில் போகிறவர்கள் பலகையைப் பார்த்ததும் விஷத்தை நினைத்தார்கள். இரண்டும் ஒரே குரல் அல்லவா?

முன்கூட்டி ஒரு போன் பண்ணியிருக்கலாம். அப்போது போன் இருந்தது. இப்போது அதையும் திருப்பிக் கொடுத்துவிட்டேன். ஏன் பண்ணவில்லை?

ஹாட்சுயே

டோக்கியோ
1980 ஜூன் 18

அக்கா,

மழைக்காலம். இங்கே அச்சுத்தாள் எல்லாம் நமுத்துக் கிடக்கிறது.

உனக்காகப் பத்திரிகை ஆசிரியரிடம் போய்க் கேட்டேன். என்னை அவர் நம் குடும்பப் பெயரால் மியாகே என்றுதான் கூப்பிடுவார். நடந்ததை அப்படியே எழுதுகிறேன், கோபித்துக்கொள்ளாதே.

"என்ன மியாகே, தலை சரியாத்தான் இருக்கா? மன்னிப்பை அந்தத் தடி எழுத்துல போட்டா, மன்னிப்புக் கேக்கற மாதிரியா இருக்கும்? சண்டைக்குக் கூப்பிடற மாதிரில்ல இருக்கும்!"

சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். இதையும் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது.

அக்கா, தொழில் என்று பார்த்தால் அவர் சொல்வதில் ஒரு நியாயம் இருக்கிறது. முட்டை இன்று மலிவு என்பதற்குத் தடி எழுத்து. மின்சாரம், தொடாதே என்பதற்குத் தடி எழுத்து. மல்யுத்தம், பூகம்பம், நடிகையின் விவாகரத்து, எல்லாம் தடி. சாவு அறிவிப்பும் கல்யாண அழைப்பும் மன்னிப்பும் மெல்லிய எழுத்து. மன்னிப்பு என்றால் குனிய வேண்டும். தடி எழுத்துக்குக் குனியத் தெரியாது.

போன் பற்றிக் கேட்டாய். அதற்கு என்னால் இப்போது பதில் எழுத முடியவில்லை.

குனிமிட்சு

சாக்காய்
1980 செப்டம்பர் 9

குனிபோ,

நீயும் சிரித்தாயா? நல்லது. இதை எழுதியதற்காக மட்டும் உன்னை மெச்சுகிறேன்.

தடி எழுத்துக்குக் குனியத் தெரியாது என்று எழுதியிருந்தாய். அதை நான் மறக்கவில்லை. அதை வைத்துத்தான் இப்போது வேலை செய்துகொண்டிருக்கிறேன்.

நவம்பர் எட்டாம் தேதி உன் அத்தானின் முதல் வருட நினைவு நாள். பிக்கு வருவார், சூத்திரம் ஓதுவார், பிறகு முத்திரை எடுத்துவிட்ட நம் கடைக்குள்ளேயே எல்லோருக்கும் சாப்பாடு. வாக்கயாமா சித்தப்பா, அத்தானின் தங்கைகள், நம் பெரியம்மா வீட்டார், தெருக்காரர்கள், எல்லோரையும் அழைத்திருக்கிறேன். உனக்கும் இதுதான் அழைப்பு.

எழுதுபொருள் கடைக்குப் போய் மை, கோடு போடும் பேனா, பெரிய தாள் எல்லாம் வாங்கினேன். பழைய தாள்களில் கோடு போட்டுப் பழகினேன். இப்போது கோடு நேராக நிற்கிறது. தாளின் அளவு, ரயிலில் தொங்கிய தாளின் அளவு. எழுத்து, தடியன். அதில் எழுதியிருப்பது:

"குனிமிட்சுவின் விஷ எழுத்து."

"நோ"வை ஒரு நூல் சின்னதாக்கி, ஒரு நூல் மேலே தூக்கியிருக்கிறேன். உன் கைவரிசை தெரிந்தவர்களுக்குத் தெரியட்டும். சாப்பாட்டு மேஜைக்கு மேலே கூரையிலிருந்து தொங்கும். யாரும் நிமிராமல் ஒரு வாய் சாப்பிட முடியாது.

கமேய் அம்மா வந்து பார்த்தாள். ஒவ்வொரு எழுத்தாக விரல் வைத்துப் படித்தாள்.

"கூடப் பொறந்தவன்டி" என்றாள்.

"அதனாலதான் இவ்ளோ மெனக்கெட்டு வரையறேன். அந்நியனா இருந்தா சுண்ணாம்புல கிறுக்கியிருப்பேன்."

"அவனுக்கும் பொண்ணு இருக்கு. நாளைக்கு நல்லது கெட்டது நடக்க வேண்டாமா?"

"எனக்கும் புருஷன் இருந்தான்."

"ஹாட்சுயே, செத்தவரு இதப் பாத்தா சந்தோஷப்படுவாரா?"

"பாக்கட்டும். அன்னிக்கு ஷூவைப் பாத்தாரு. இன்னிக்கு நிமிந்து பாக்கட்டும்."

அவள் எழுந்து போனாள். வாசலில் நின்று, "அந்த 'விஷ'ல ஒரு கோடு கொஞ்சம் கோணலா இருக்கு பாரு" என்றாள். பார்த்தேன். கோணல்தான். வெள்ளை மை வைத்துச் சரி செய்துவிட்டேன்.

அதே எழுத்து, அதே அளவில் உன் பத்திரிகை தன் தப்பை ஒப்புக்கொண்டால் இந்தத் தாளை அடுப்பில் போடுகிறேன். இல்லையென்றால் இது தொங்கும்.

ஹாட்சுயே

டோக்கியோ
1980 அக்டோபர் 27

அக்கா,

இலை பழுத்தது பற்றி எழுதப் போவதில்லை.

பத்திரிகை ஒப்புக்கொள்ளாது. இரண்டாவது தடவையும் கேட்டுப் பார்த்தேன். இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

ஜூனில் எழுத முடியாததை இப்போது எழுதுகிறேன். அந்த விளம்பரத்தை அமைத்த அன்று சாயங்காலம் ஆசிரியர் கொண்டுவந்த தாளில் "சாக்காயின் விஷப் பெந்தோ" என்று இல்லை. "வாஷியோவின் விஷப் பெந்தோ" என்று இருந்தது.

போன் என் மேஜையில்தான் இருந்தது. ஆசிரியர் என் நாற்காலிக்குப் பின்னால் நின்றார். போனை எடுத்தால் அது என் வீட்டாரின் கடை என்று தெரிந்துவிடும். உடனே வேலை வேறு ஆளிடம் போகும். அவன் அத்தானின் பெயரோடு அப்படியே அச்சுக்கு அனுப்புவான்.

அதனால் இருப்பதிலேயே தடித்த எழுத்தை எடுத்தேன். அவர் கேட்டது அதைவிடக் கொஞ்சம் மெலிந்தது. "அது வேண்டாம் சார், இதைப் போட்டாத்தான் ரயில்ல நிக்கும்" என்றேன். அவருக்குச் சந்தோஷம். பிறகு சொன்னேன், "ஆனா இதுல ஒரு சிக்கல் இருக்கு சார். வாஷிங்கற எழுத்துல கோடு ரொம்ப அதிகம். இந்தத் தடிமனுக்கு மட்டமான தாள்ல மை ஊறிச்சுன்னா அடைச்சுக்கும். ஆடற ரயில்ல கறுப்பு உருண்டைதான் தெரியும். ஊர்ப் பேரைப் போட்டுடலாமா?"

"அடைச்சுக்குமா?"

"நிச்சயமா அடைச்சுக்கும்."

"சரி, ஊரைப் போடு."

கட்டுரைக்கு உள்ளேயும் பெயர் வேண்டாம் என்று ஆனது. அத்தானின் பெயர் அந்த ரயிலில் தொங்காமல் போனது இப்படித்தான். பெயரை மறைக்கத்தான் குரலை உயர்த்தினேன். சாக்காயில் முத்திரை வைத்த கடை ஒன்றுதான் என்பதை அந்த நேரத்தில் நினைக்கவில்லை. "நோ"வைத் தூக்கி வைத்தது பழக்கத்தில் வந்தது. கை செய்தது.

ஏன் இதை முன்னாலேயே சொல்லவில்லை என்று கேட்பாய். சொன்னால் நான் உனக்கு நல்லது செய்ததாகக் காட்டிக்கொள்வது போல் இருந்திருக்கும். அத்தான் போன பிறகு அதற்கு எனக்கு வாய் இல்லை.

எட்டாம் தேதி வருகிறேன். ஆறாம் தேதியே கிளம்பி, நாகோயாவில் வேலையை முடித்துக்கொண்டு அங்கிருந்து நேரே வருவேன். தாள் தொங்கட்டும். நான் அதற்குக் கீழே உட்கார்ந்து சாப்பிடுகிறேன்.

குனிபோ

சாக்காய்
1980 நவம்பர் 7

குனிபோ,

நீயே அப்படிக் கையெழுத்துப் போட்டிருக்கிறாய். அந்த இடத்தில் ஒரு நிமிடம் எனக்குக் கண் தெரியவில்லை. பிறகு தெரிந்தது.

கழுகு அடைத்துக்கொள்ளுமா?

உன் கடிதத்தை மடித்து வைத்துவிட்டு அந்தக் கேள்வியோடு ஒரு வாரம் இருந்தேன். நேற்று மீதி மையில் அந்த ஒரு எழுத்தை மட்டும் வரைந்தேன். ரயிலில் தொங்கிய அளவு. மை ஊறட்டும் என்று மீன்கடையில் பொட்டலம் கட்டுகிற மட்டமான தாள். உன் தொழில்மேல் எனக்குப் பகை இல்லை, உனக்குச் சாதகமாகவே எல்லாவற்றையும் வைத்தேன். கூரையில் கட்டி, ஜன்னலைத் திறந்துவிட்டேன். காற்றில் ரயிலைவிட மோசமாக ஆடியது.

என் கண்ணை நான் நம்பவில்லை. அந்த எழுத்தை எனக்கு இருட்டிலும் தெரியும். கமேய் அம்மாவைக் கூப்பிட்டாலும் "வாஷி"யைத் தவிர வேறெதுவும் சொல்லமாட்டாள். அதனால் காத்திருந்தேன். கேஸ் மீட்டர் பார்க்கிற ஆள் வந்தான், புது ஆள், என் பெயர் தெரியாதவன். மீட்டரைக் குறித்துக்கொண்டு திரும்பும்போது தானாகவே நிமிர்ந்தான்.

"கழுகா?" என்றான். "என்ன அம்மா, வீட்டுல கழுகு வளக்கறீங்களா?"

"இருந்துச்சு" என்றேன். "உங்களுக்குக் கண்ணு நல்லாத் தெரியுமா?"

"எங்கேம்மா, கண்ணாடியை ஆபீஸ்லயே விட்டுட்டு வந்துட்டேன். இது எவ்ளோ பெருசா இருக்கு, கண்ணாடி எதுக்கு?"

அவன் போனபிறகு நாற்காலியில் ஏறி நின்று கிட்டத்தில் பார்த்தேன். மை ஊறியிருந்தது. ஆனாலும் உள்ளே ஒவ்வொரு கோட்டுக்கும் நடுவில் வெள்ளை இருந்தது. பறவையின் அடியில் இருக்கும் நாலு புள்ளியும் தனித்தனியாக இருந்தன. அடைக்கவில்லை குனிபோ. அடைக்காது. அடைக்கக் கூடாது என்றுதானே அதை அவ்வளவு முறை கிழித்துப் போட்டார்கள்? என் இளவயதுக் கண்ணை அதில்தானே வைத்தேன்?

அது உனக்குத் தெரியும். எங்கள் கடைப் பலகைக்கு அந்த எழுத்தை வைத்தவன் நீ.

ஆக ஒரு பொய் நடந்திருக்கிறது. அன்றைக்கு ஆசிரியரிடம் அடைக்கும் என்று சொன்னது பொய் என்றால், நீ வேலையைப் பணயம் வைத்து உன் அத்தானின் பெயரைக் காப்பாற்றினாய். நான் நாளைக்கு உன் பெயரைச் சொந்தக்காரர்கள் தலைக்கு மேலே தொங்கவிடுகிறேன். அன்றைக்கு எதுவுமே சொல்லவில்லை, ஊர்ப்பெயர் முதலிலிருந்தே இருந்தது, இந்தக் கதையைப் போன மாதம் எனக்காகக் கட்டினாய் என்றால், நான் இன்னும் பெரிய தாள் வாங்கியிருக்க வேண்டும்.

நீ இப்போது நாகோயாவில் ஏதோ விடுதியில் படுத்திருப்பாய். இந்தக் கடிதத்தை டோக்கியோ முகவரிக்கே போடுகிறேன். இது அங்கே போய்ச் சேரும்போது நீ இங்கே சாப்பிட்டு முடித்திருப்பாய். நேரில் இதைக் கேட்கமாட்டேன். நேரில் கேட்டால் நீ அழுவாய், நான் உன் கிண்ணத்தில் இன்னும் கொஞ்சம் சோறு வைப்பேன். சின்ன வயதிலிருந்தே நீ அப்படித்தான் ஜெயிப்பாய்.

உன் பெயர் எழுதிய தாளைச் சாயங்காலமே கட்டிவிட்டேன். நன்றாகத் தொங்குகிறது. ஆணி அடித்த பிறகு கீழே உட்கார்ந்து நிமிர்ந்து பார்த்தேன். குனிமிட்சு என்ற பெயரில் கோடுகள் குறைவு, எத்தனை தடியாக வரைந்தாலும் அடைக்க வழியே இல்லை. யார் வேண்டுமானாலும் படிக்கலாம். அதற்குப் பக்கத்தில் கழுகையும் கழற்றாமல் விட்டிருக்கிறேன். உன் இடம் இரண்டுக்கும் நடுவில்.

குனிபோ, அந்தப் பொய்யைச் சொன்னது அவர்களிடமா, என்னிடமா?